தந்தி போட்ட டாக்டர்

நம்மில் மூத்தவர்களுக்குத் தந்தி என்ற சொல்லைக் கேட்டாலே வயிற்றில் ஒரு கலக்கம் வரும். வீட்டு வாசலில் தந்திக்காரர் சைக்கிளை நிறுத்தினால், பிரித்துப் படிப்பதற்கு முன்பே பெண்கள் அழத் தொடங்கிவிடுவார்கள். நல்ல சேதிக்குக் கடிதம், கெட்ட சேதிக்குத் தந்தி என்பதுதான் நம் ஊர் வழக்கம். அந்தத் தந்திச் சேவை 2013 ஜூலை மாதத்தோடு நின்றுபோனது. இப்போது படிக்கும் தம்பி தங்கைகளில் பலர் ஒரு தந்தியைக் கண்ணால்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள்.

இந்தியாவில் முதன்முதலாகத் தந்திக் கம்பி இழுத்தவர் ஓர் எஞ்சினியர் அல்ல, டாக்டர். பெயர் வில்லியம் புரூக் ஓஷானஸி. பொறியியல் மாணவர்களும் பழைய மாணவர்களும் படிக்கும் மலரில் ஒரு டாக்டரின் வரலாறு எதற்கு என்று கேட்கலாம். காரணம் இருக்கிறது.

மயிலத்தில் படித்துவிட்டுப் போன நம் நண்பர்கள் இன்று ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், நெய்வேலி, புதுச்சேரி என்று பல இடங்களில் ஆலைகளில் இருக்கிறார்கள். அங்கே ஒரு மூலையில் இருக்கும் சென்சாரும், இன்னொரு மூலையில் ஓடும் மோட்டாரும், பேனலுக்குள் இருக்கும் பி.எல்.சி.யும் ஒன்றோடொன்று பேசிக்கொள்கின்றன. ஒன்று, பூஜ்யம் என்ற இரண்டே குறிகளில் அந்தப் பேச்சு நடக்கிறது. மோட்பஸ், ப்ராஃபிபஸ், ஈதர்நெட் என்று பெயர்கள் பல. ஆனால் அந்த வேலையில் வரும் தலைவலிகள் புதியவை அல்ல. ஈரம், இடி, தூரம், செலவு, ஆளுக்கொரு மொழி பேசும் கருவிகள் ஆகிய எல்லாவற்றையும் இந்த மண்ணில் முதலில் சந்தித்தவர் அந்த டாக்டர்தான். அவர் என்ன செய்தார், எதைப் பிடித்துக்கொண்டார், எதை விட்டுக்கொடுத்தார் என்று பார்த்தால் நமக்கும் பாடம் இருக்கிறது.

காலராவும் உப்பு நீரும்

ஓஷானஸி அயர்லாந்து நாட்டின் லிமரிக் ஊர்க்காரர். 19ஆம் நூற்றாண்டின் முதல் பத்தாண்டில் பிறந்தவர். எடின்பரோவில் மருத்துவம் படித்து 1829-ல் எம்.டி. பட்டம் பெற்றார். படிப்பு மருத்துவம் என்றாலும் மனசு ரசாயனத்தில்தான்.

1831-ல் இங்கிலாந்தின் சண்டர்லாந்து துறைமுகத்தில் காலரா புகுந்தது. அந்தக் காலத்து வைத்தியம் நோயாளியின் ரத்தத்தை வெளியே எடுப்பது! ஏற்கெனவே உடம்பில் நீர் வற்றிக் கிடப்பவனிடமிருந்து ரத்தத்தையும் எடுத்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. இருபது வயதைச் சற்றே தாண்டிய இந்த இளைஞர் அங்கே போனார். நோயாளிகளின் ரத்தத்தைச் சோதித்தார். ரத்தத்திலிருந்து நீரும் உப்பும் போய்விடுகின்றன என்று கண்டு, அவற்றைத் திருப்பிக் கொடுப்பதுதான் வைத்தியம் என்று எழுதினார். அடுத்த ஆண்டே, 1832-ல், ஸ்காட்லாந்து டாக்டர் தாமஸ் லாட்டா அந்த யோசனையைப் பிடித்துக்கொண்டு காலரா நோயாளிகளின் ரத்தக்குழாயில் உப்பு நீர் ஏற்றினார். இன்று நம் ஆஸ்பத்திரிகளில் ஏற்றும் சலைன் பாட்டிலின் கதை அங்கிருந்துதான் தொடங்குகிறது.

இதிலேயே அவருடைய குணம் தெரிகிறது. புத்தகம் சொல்வதை அப்படியே எடுத்துக்கொள்ளாமல், எதிரில் இருப்பதை அளந்து பார்ப்பார். கணக்கு என்ன சொல்கிறதோ அதைச் செய்வார்.

கல்கத்தா வாத்தியார்

1833-ல் கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவ அதிகாரியாக அவர் இந்தியாவுக்கு வந்தார். 1835-ல் தொடங்கிய கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் ரசாயனப் பேராசிரியர் ஆனார். நம் நாட்டு மூலிகைகளையும் மருந்துகளையும் ஒவ்வொன்றாகச் சோதித்து வங்காள மருந்து நூல்களைத் தொகுத்தார். 1843-ல் லண்டன் ராயல் சொசைட்டியின் உறுப்பினர் ஆனார். கல்கத்தா நாணயச் சாலையில் உலோகத் தரம் பார்க்கும் பொறுப்பும் அவரிடம் வந்தது. ஒரே ஆளுக்கு இத்தனை வேலையா என்றால், அந்தக் காலம் அப்படி. துறைகளுக்கு நடுவே இன்றைக்கு இருக்கும் மதில் சுவர் அப்போது எழும்பவில்லை.

தோட்டத்தில் 21 மைல் கம்பி

1837-ல் இங்கிலாந்தில் குக், வீட்ஸ்டன் இருவரும் மின்சாரத் தந்திக்குக் காப்புரிமை வாங்கினார்கள். அமெரிக்காவில் மோர்ஸ் தன் கருவியோடு மன்றாடிக்கொண்டிருந்தார். அவருடைய வாஷிங்டன் – பால்டிமோர் லைன் 1844-ல்தான் வந்தது. அதற்கு ஐந்து வருஷம் முன்னால், 1839-லேயே, ஓஷானஸி கல்கத்தா தாவரவியல் தோட்டத்தில் மூங்கில் கழிகளை நட்டு, சுமார் 21 மைல் நீளத்துக்குக் கம்பியை முன்னும் பின்னுமாக இழுத்துக் கட்டிச் சோதனை செய்துகொண்டிருந்தார். பக்கத்தில் ஓடும் ஹூக்ளி ஆற்றிலும் கம்பியை முக்கிப் பார்த்தார்.

அவர் சேதியைப் படித்த விதம் வேடிக்கையானது. கம்பியின் கடைசியில் இருப்பவர் விரலை வைத்துக்கொள்வார். மறுமுனையிலிருந்து ஒரு சின்ன மின் அதிர்ச்சி வரும். சரி, ஷாக் அடித்தது, அது எந்த எழுத்து என்று எப்படித் தெரியும்? அதற்கு இரு முனைகளிலும் ஒரே மாதிரி ஓடும் இரண்டு துல்லியக் கடிகாரங்கள். ஷாக் வரும் நொடியில் முள் எங்கே நிற்கிறதோ அதுதான் சேதி. கம்பியில் போவது ஒரே விதமான துடிப்புதான். அதற்கு அர்த்தம் கொடுப்பது நேரம்.

எலெக்ட்ரானிக்ஸ், இன்ஸ்ட்ருமெண்டேஷன் படிக்கும் மாணவர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். இன்றைய ஆலைகளில் பல கருவிகள் ஒரே கேபிளைப் பங்கு போட்டுக்கொள்ளும்போது, ஒவ்வொன்றுக்கும் ஒரு நேரத் துண்டு ஒதுக்கும் முறை உண்டு. அதற்கு எல்லாக் கருவிகளின் கடிகாரங்களும் ஒன்றாக ஓட வேண்டும். அப்படி ஓட வைப்பதற்கென்றே 2002-ல் ஐ.இ.இ.இ. 1588 என்ற தரம் வந்தது. மைக்ரோ நொடிக்கும் கீழே போகும் கணக்கு அது. ஆனால் அடிப்படை யோசனை, கல்கத்தா தோட்டத்தில் விரலை நீட்டிக்கொண்டு கடிகாரத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்த டாக்டரிடமும் இருந்தது.

இவ்வளவு செய்தும் கம்பெனி அரசாங்கம் திரும்பிப் பார்க்கவில்லை. விஷயம் பத்து வருஷத்துக்கு மேல் கிடப்பில் கிடந்தது. வாத்தியார் தன் வகுப்புக்கும் நாணயச் சாலைக்கும் திரும்பினார்.

கம்பி அல்ல, தடி

1848-ல் டல்ஹௌசி கவர்னர் ஜெனரலாக வந்த பிறகு காற்று திசை மாறியது. கல்கத்தாவிலிருந்து டயமண்ட் ஹார்பர் பக்கம் ஒரு சோதனைத் தந்தி லைன் போட அனுமதி கிடைத்தது. 1850-ல் முதல் சேதி போனது. 1851-ல் ஹூக்ளியையும் தாண்டிக் கெட்ஜரி வரை லைன் நீண்டது. மொத்தம் சுமார் 80 மைல்.

இங்கேதான் அவருடைய சொந்தப் புத்தி வேலை செய்கிறது. ஐரோப்பாவில் மெல்லிய கம்பியைக் கம்பத்துக்குக் கம்பம் இழுத்துக் கட்டினார்கள். அதே பொருளை இங்கே கொண்டுவந்து மாட்டியிருக்கலாம், யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் வங்காளத்துப் புயல் மழைக்கு அது தாங்குமா? பெரிய பருந்துகள் கூட்டமாக வந்து உட்காரும், குரங்குகள் தொங்கும். கம்பம் சாய்ந்து கம்பி தரையில் விழுந்தால் அதன் மேல் மாட்டு வண்டி ஏறிப் போகும். இதையெல்லாம் யோசித்து அவர் எடுத்தது கம்பி அல்ல, ஒரு அங்குலத்தில் எட்டில் மூன்று பங்கு தடிமனுள்ள இரும்புத் தடி. துண்டு துண்டாகப் பற்றவைத்து நீட்டினார். வண்டி ஏறினாலும் அறாது. தடிமன் அதிகம் என்பதால் மின்தடை குறைவு. அதனால் கொட்டும் மழையில் வழியில் கொஞ்சம் மின்சாரம் கசிந்து போனாலும் மிச்சம் போய்ச் சேரும்.

பூமிக்கு அடியில் போன பகுதிக்கு அவர் செய்த ஏற்பாடு இன்னும் அருமை. இரும்புத் தடியின் மேல் இரண்டு சுற்று மதராஸ் துணி. அந்தத் துணி கீலும் தாரும் குடித்த துணி. அதைச் சாதாரணக் கூரை ஓடுகளை வரிசையாக வைத்து, மணலும் குங்கிலியப் பிசினும் உருக்கி ஊற்றி, அதற்குள் பதித்தார். துணி, தார், ஓடு, மணல் எல்லாம் இந்த நாட்டில் கிடைத்தவைதான். நம் சீமைத் தறிகளில் நெய்த துணியும் இந்தியாவின் முதல் கேபிளுக்கு மேல் சட்டையாக இருந்தது என்பதில் நமக்கு ஒரு சந்தோஷம்.

சேதி படிக்கும் கருவியையும் இங்கேயே செய்தார். ஒரு கம்பிச் சுருள், நடுவில் ஒரு காந்த ஊசி. மின்சாரம் ஒரு திசையில் வந்தால் ஊசி இடப்பக்கம் சாயும், மறு திசையில் வந்தால் வலப்பக்கம் சாயும். இடம், வலம் என்ற இரண்டே குறிகளில் எல்லா எழுத்துகளும் அடக்கம். விலை மலிவு, கெட்டுப்போனால் உள்ளூர் ஆளே சரி செய்துவிடலாம்.

இன்றும் புதிதாக வேலைக்குப் போகும் நம் தம்பிகள் இதே இடத்தில்தான் இடறுகிறார்கள். கேட்டலாக்கில் போட்டிருக்கும் வேகத்தையும் தூரத்தையும் நம்பிக் கேபிளை இழுத்துவிடுவது. ஆர்.எஸ். 485 முறையில் 1200 மீட்டர் போகும் என்பது உண்மைதான். ஆனால் அது குறைந்த வேகத்தில், நல்ல முறுக்குக் கேபிளில், இரண்டு முனையிலும் 120 ஓம் ரெசிஸ்டர் போட்டால். பெரிய மோட்டாரின் பவர் கேபிளோடு ஒரே ட்ரேயில் சிக்னல் கேபிளை ஓட்டி, ஷீல்டையும் ஒழுங்காக எர்த் பண்ணாமல் விட்டால், டிரைவ் ஓடத் தொடங்கியதும் சிக்னல் குழம்பும். ஐப்பசி மழையில் இடி இறங்கும்போது போர்டு போகும். எலி கடிக்கும். வேலை நடக்கும் தளத்தைக் கண்ணால் பார்த்து, காலால் நடந்து அளந்த பிறகு கேபிளைத் தேர்ந்தெடுப்பவனே எஞ்சினியர். ஓஷானஸி அதைத்தான் செய்தார்.

சிவச்சந்திர நந்தி

இந்தக் கதையில் இன்னொரு பெயரை விடக் கூடாது. நாணயச் சாலையில் ஓஷானஸியின் கீழ் 1846-ல் வேலைக்குச் சேர்ந்த வங்காள இளைஞர் சிவச்சந்திர நந்தி. பெரிய பட்டம் எதுவும் இல்லை, கையில் வேலைத் திறமை இருந்தது. சோதனை லைனைப் போடுவதிலிருந்து பராமரிப்பது வரை ஓஷானஸிக்கு வலது கையாக நின்றவர் அவர். டயமண்ட் ஹார்பர் முனையிலிருந்து முதல் சிக்னலை அனுப்பியவரும் அவர்தான். பிற்பாடு பத்மா நதியின் குறுக்கே கேபிள் போட வேண்டிவந்தபோது, அதிகச் செலவில் கப்பல் பிடிக்காமல் மீன்பிடிப் படகுகளை வாடகைக்கு எடுத்தே காரியத்தை முடித்தார். பிறகு ராய் பகதூர் பட்டம் கிடைத்தது. ஆனாலும் நம் பாடப் புத்தகங்களில் டல்ஹௌசி பெயர் இருக்கும் அளவுக்கு நந்தியின் பெயர் இல்லை. எந்த நெட்வொர்க்குக்குப் பின்னாலும் ஏணியில் ஏறிய ஒரு கை உண்டு. அதை மறக்கக் கூடாது.

நாலாயிரம் மைல்

1852-ல் பர்மாவோடு யுத்தம் மூண்டபோது, கப்பலில் வந்த சேதி கெட்ஜரியில் இறங்கித் தந்தி வழியாகக் கல்கத்தாவுக்கு உடனே போய்ச் சேர்ந்தது. அதற்குப் பிறகு டல்ஹௌசிக்குச் சந்தேகமே இல்லை. நாடு முழுக்க லைன் போட முடிவாயிற்று, ஓஷானஸி அதற்குத் தலைவர் ஆனார். 1853 நவம்பரில் வேலை தொடங்கியது. 1854 மார்ச்சில் கல்கத்தாவிலிருந்து ஆக்ரா வரை 800 மைல் லைன் திறந்தாயிற்று. ஐந்தே மாதம்! ரயில் பாதை அப்போதுதான் தலை காட்டியிருந்த காலம். சாமான் எல்லாம் மாட்டு வண்டியிலும் படகிலும்தான் போக வேண்டும். பிறகு பம்பாய், பெஷாவர், மதராஸ் என்று கிளைகள் போயின. 1855 பிப்ரவரியில் பொதுமக்களும் காசு கொடுத்துத் தந்தி அனுப்பலாம் என்று ஆனது. 1856 வாக்கில் சுமார் 4,000 மைல் லைன் நாட்டில் ஓடியது. அந்த ஆண்டே அவருக்கு சர் பட்டம்.

அவசரத்துக்கு ஒரு விலையும் இருந்தது. அன்று வேகமாகப் போட்ட லைன்களில் பலவற்றைப் பின்னால் வந்தவர்கள் புதுப்பிக்க வேண்டியிருந்தது. ஆனால் முதலில் லைன் இருந்தால்தானே புதுப்பிக்க முடியும்?

சொந்தக் கருவியை விட்டுக்கொடுத்தது

இந்த வாழ்க்கையில் என்னை மிகவும் யோசிக்க வைத்த இடம் இதுதான். ஓஷானஸியின் ஊசிக் கருவி அவருடைய சொந்தக் குழந்தை. மலிவு, எளிமை, இந்த நாட்டுக்கென்றே செய்தது. ஆனால் லைன் நீண்டு, சேதிகள் குவிந்தபோது அதன் குறை தெரிந்தது. ஊசி சாய்வதை ஒருவர் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். எழுத்தாகப் பதிவு எதுவும் மிஞ்சாது. அதற்குள் மோர்ஸ் முறை உலகம் முழுக்கப் பரவிவிட்டது. வேறு நாட்டு லைன்களோடு இணைய வேண்டும் என்றால் அவர்கள் பேசும் மொழியைப் பேசித்தான் ஆக வேண்டும்.

அவர் வீம்பு பிடிக்கவில்லை. 1857-ல் இந்தியத் தந்தி மோர்ஸ் முறைக்கு மாறியது. தன் கருவியைத் தானே ஒதுக்கிவைத்துவிட்டு, புதிய முறைக்கு ஆட்களைப் பழக்கும் ஏற்பாட்டையும் அவரே பார்த்தார்.

இது சின்ன விஷயம் இல்லை. நூறு வருஷத்துக்கு மேல் கழித்து ஆலைக் கருவிகளின் உலகில் இதே சோதனை வந்தது. ஆரம்பத்தில் ஒவ்வொரு சென்சாரிலிருந்தும் தனித்தனி ஜோடி வயர், அதில் 4 முதல் 20 மில்லி ஆம்பியர் மின்னோட்டம். பேனலுக்குள் வயர் கற்றை கற்றையாகத் தொங்கும். 1979-ல் மோடிகான் கம்பெனி மோட்பஸ்ஸைக் கொண்டுவந்தது. 1986-ல் பாஷ் கம்பெனி கார்களுக்காக கேன் முறையை அறிமுகப்படுத்தியது. ஜெர்மனியில் ப்ராஃபிபஸ் வந்தது, மற்ற நாடுகளில் வேறு வேறு. ஒரே வயரில் பல கருவிகள் பேசலாம் என்றதும் ஒவ்வொரு கம்பெனியும் தன் மொழிதான் உலக மொழி ஆக வேண்டும் என்று நின்றது. வருஷக்கணக்கில் கமிட்டி உட்கார்ந்து சண்டை போட்டது. அதற்கு ஃபீல்டுபஸ் யுத்தம் என்றே பெயர் வந்துவிட்டது. கடைசியில் 2000-ல் வெளியான ஐ.இ.சி. 61158 தரத்தில் ஒன்றுக்குப் பதில் எட்டு வகைகள் இடம் பிடித்தன! பஞ்சாயத்தில் எட்டுப் பேரும் நாட்டாமை என்றால் தீர்ப்பு எப்படி இருக்கும்? இன்றும் ஒரு கம்பெனிக் கருவியை இன்னொரு கம்பெனிக் கருவியோடு பேச வைக்க நடுவில் ஒரு மொழிபெயர்ப்புப் பெட்டியை மாட்டிவிட்டு, ராத்திரி ஷிஃப்டில் முழித்துக்கொண்டிருப்பவர்கள் நம் நண்பர்கள்தான்.

எட்டுப் பேரில் ஒருவராவது அந்த அயர்லாந்து டாக்டரைப் போல் இறங்கி வந்திருந்தால் வேலை கொஞ்சம் சுலபமாகியிருக்கும்.

கம்பி யார் கையில்?

ஒரு பக்கத்தை மட்டும் சொல்லி முடித்தால் அது நியாயம் ஆகாது. அந்தத் தந்தி நமக்காகப் போட்டது அல்ல. யுத்தத்துக்கும் ஆட்சிக்கும் போட்டது. 1857 மே மாதம் டில்லியில் சிப்பாய்கள் எழுந்தபோது, அங்கிருந்து அம்பாலாவுக்குப் போன தந்தி பஞ்சாபில் இருந்த ஆங்கிலேயரை முன்கூட்டியே உஷார்ப்படுத்தியது. கிளர்ச்சிக்காரர்களும் விஷயத்தைப் புரிந்துகொண்டார்கள், போன இடமெல்லாம் தந்திக் கம்பியை அறுத்தார்கள். ஓஷானஸியின் இரும்புத் தடிக்கு மாட்டு வண்டி எதிரி அல்ல, நாட்டு மக்களே எதிரி என்ற நிலை வந்தது.

கம்பியில் ஓடும் மின்சாரத்துக்கு நல்லவன் கெட்டவன் தெரியாது. கம்பி யார் கையில் இருக்கிறதோ அவர்கள் பக்கம் பேசும். இன்று ஓர் ஆலையின் நெட்வொர்க்குக்குள் வெளியாள் புகுந்தால் என்ன நடக்கும் என்பதை 2010-ல் வெளியே தெரிந்த ஸ்டக்ஸ்நெட் விவகாரம் காட்டியது. ஈரானில் பி.எல்.சி.க்குள் புகுந்த அந்த வைரஸ், திரையில் எல்லாம் சரியாக இருப்பதாகக் காட்டிக்கொண்டே எந்திரங்களைக் கெடுத்தது. பாஸ்வேர்டை எழுதிப் பேனல் கதவில் ஒட்டிவைக்கும் வழக்கம் உள்ள நண்பர்கள் இதை ஒரு முறை யோசிக்கட்டும்.

முடிவு

1860களின் தொடக்கத்தில் அவர் இந்தியாவை விட்டு நிரந்தரமாகப் போனார். 1861-ல் பெயரையும் ஓஷானஸி புரூக் என்று மாற்றிக்கொண்டார். பிறகு வெளியே அதிகம் தெரியாமல் வாழ்ந்து 1889 ஜனவரியில் இங்கிலாந்தின் சவுத்ஸீயில் காலமானார். அவர் தொடங்கி வைத்த சேவை அவருக்குப் பிறகும் 124 வருஷம் ஓடியது. நம் அப்பாக்களுக்கு வேலை உத்தரவைக் கொண்டுவந்ததும், நம் தாத்தாக்களின் சாவுச் சேதியைக் கொண்டுபோனதும் அதுதான்.

மாணவத் தம்பிகளே, தங்கைகளே! சிலபஸில் இருக்கும் ப்ரோட்டோகால் நீங்கள் வேலைக்குப் போய் ஐந்து வருஷத்தில் பழையதாகிவிடலாம். அதற்காகக் கவலைப்பட வேண்டாம். ஓஷானஸிக்குத் தந்தி சொல்லித்தர எந்தக் கல்லூரியும் இருக்கவில்லை. அளந்து பார்க்கும் பழக்கம் இருந்தது. கையில் கிடைத்த துணியையும் ஓட்டையும் வைத்து வேலையை முடிக்கும் துணிச்சல் இருந்தது. இன்னொருவர் முறை மேலானது என்று தெரிந்ததும் தன் கருவியைக் கீழே வைக்கும் பெருந்தன்மையும் இருந்தது.

முதல் இரண்டையும் நம் லேபிலும் ஒர்க்ஷாப்பிலும் கற்றுக்கொள்ளலாம். மூன்றாவது கடினம். அதை வேலையிடத்தில், கூட வேலை செய்பவர்களிடமிருந்துதான் கற்றுக்கொள்ள வேண்டும். இந்தச் சந்திப்புக்கு வந்திருக்கும் அண்ணன்மார், அக்காமார் யாரையாவது பிடித்து, தாங்கள் எதை விட்டுக்கொடுத்து ஒரு வேலையை ஓட வைத்தார்கள் என்று கேட்டுப் பாருங்கள். ஆளுக்கொரு கதை வைத்திருப்பார்கள்.